கழித்து வரும் விலை, கூட்டி வரும் விலை

செயின்ட் லூசியாவில் பச்சை வாழைக்காய்க்கு ‘ஃபிக்’ என்று பெயர். அதை அவித்து, ஊறவைத்து உப்பு நீக்கிய காட் மீனோடு சேர்த்து உண்பது அந்நாட்டின் தேசிய உணவு. வாழை தீவின் சரிவுகளில் விளைவது. உப்பு மீன் வட அட்லாண்டிக்கிலிருந்து கப்பலில் வந்து இறங்குவது. கரீபியக் கடலின் கிழக்கு விளிம்பில் 616 சதுர கிலோமீட்டர் பரப்பும், இரண்டு லட்சத்தை எட்டாத மக்கள்தொகையும் கொண்ட இந்த நாடு ஏறத்தாழ அரை நூற்றாண்டு ஒரே ஒரு பழத்தை விற்று வாழ்ந்தது. இன்று அதன் கடைகளில் ஆப்பிள், திராட்சை, ஆரஞ்சு, ஸ்ட்ராபெரி எல்லாம் வெளியிலிருந்து வந்து அடுக்கப்படுகின்றன. விற்ற பழத்தின் விலையும் வாங்கும் பழத்தின் விலையும் ஏன் இப்படி எதிரெதிர்த் திசையில் அந்நாட்டை அழுத்தின என்று கேட்டால் வழக்கமாக ஒரே பதில்தான் வரும்: 1997இல் உலக வர்த்தக அமைப்பு அளித்த தீர்ப்பு ஐரோப்பியச் சலுகையை உடைத்தது, வாழை வீழ்ந்தது. இந்தப் பதிலில் உண்மை உண்டு, ஆனால் முழு உண்மை இல்லை. தீர்ப்புக்கு முன்பே தொடங்கிய சரிவையும், தீர்ப்போடு தொடர்பே இல்லாத இறக்குமதி விலையேற்றத்தையும் அதைக்கொண்டு விளக்க முடியாது. என் பார்வையில் விஷயம் விலை பிறக்கும் முறையில் இருக்கிறது. தீவின் ஏற்றுமதி விலை தொலைதூரக் கடையில் தொடங்கி, வழிச்செலவெல்லாம் கழிந்து, மிச்சமாகத் தோட்டத்துக்கு வருகிறது. அதன் இறக்குமதி விலை தொலைதூரக் கிடங்கில் தொடங்கி, வழிச்செலவெல்லாம் கூடி, மொத்தமாக அடுப்படிக்கு வருகிறது. கழித்தல் கணக்கானாலும் கூட்டல் கணக்கானாலும் கடைசி வரியில் நிற்பது தீவுக்காரர்தான்.

வாழை அங்கே பழமையான பயிர் அன்று. கரும்புதான் முதலில் தீவை ஆண்டது. 1954இல் பிரிட்டனின் கீஸ்ட் நிறுவனம் விண்ட்வர்ட் தீவுகளின் வாழையை மொத்தமாக வாங்கத் தொடங்கியது. செயின்ட் லூசியா, டொமினிக்கா, செயின்ட் வின்சென்ட், கிரெனடா என்ற நான்கு தீவுகளின் விவசாயிகளையும் இணைத்து 1958இல் விண்பன் என்ற கூட்டமைப்பு உருவானது. 1960களின் தொடக்கத்திற்குள் செயின்ட் லூசியாவின் ரோஸோ, குல்-டி-சாக் பள்ளத்தாக்குகளில் கரும்பு மறைந்து வாழை நிறைந்தது. மக்கள் அதைப் ‘பச்சைத் தங்கம்’ என்றே அழைத்தார்கள். அந்தப் பெயர் பொருத்தமானதே. கரும்பு ஆண்டுக்கு ஒருமுறை பணம் தரும், அதுவும் பண்ணை முதலாளிக்கு. வாழையோ வாரந்தோறும் கப்பலேறியது. சில ஏக்கர் மலைச்சரிவு வைத்திருந்த குடும்பத்தின் கையிலும் வாரந்தோறும் காசு புழங்கியது. பள்ளிக்கூடச் சீருடையும், சிமென்ட் வீடும், சரக்குந்துத் தவணையும் அந்தக் காசில் வந்தவை. லத்தீன் அமெரிக்க வாழை சமவெளியில், பெருநிறுவனத் தோட்டத்தில், கூலியாட்களின் உழைப்பில் விளைவது. விண்ட்வர்ட் வாழை சிறு உடைமையாளர்களுடையது. இந்த வேறுபாட்டை மனத்தில் வைக்காமல் பின்வரும் விலைக் கதையைப் படித்தால், செலவு அதிகமான ஒரு தொழில் சந்தையில் தோற்றது என்ற மேலோட்டமான முடிவுக்கே வர நேரும்.

கழித்தல் கணக்கை எளிய எண்களால் பார்க்கலாம். விளக்கத்துக்காக மட்டும் எடுத்துக்கொள்ளும் எண்கள் இவை. பிரிட்டிஷ் கடையில் ஒரு பெட்டி வாழையின் மதிப்பு 100 என்று வைத்துக்கொள்வோம். கடைக்காரரின் பங்கு, பழுக்கவைக்கும் கூடம், துறைமுகக் கூலி, கப்பல் வாடகை, அட்டைப்பெட்டி, உரம், சங்கத்தின் பிடித்தம் எல்லாம் சேர்ந்து 85. விவசாயிக்கு மிச்சம் 15. கடை விலை 5 குறைந்தால், இடையிலுள்ளவர்களின் செலவு எதுவும் தானாகக் குறையாது. விவசாயியின் 15 பத்தாகிவிடும். கடையில் நடந்தது ஐந்து சதவீதச் சரிவு. தோட்டத்தில் நடந்தது மூன்றில் ஒரு பங்குச் சரிவு. விலை ஏறும்போது இதே கணக்கு எதிர்த்திசையில் வேலை செய்ய வேண்டும் என்று வாதிடலாம். சில ஆண்டுகளில் அப்படி வேலை செய்ததும் உண்டு. ஆனால் ஏற்றத்தின்போது இடைச்செலவுகளும் கூடவே ஏறிக்கொள்கின்றன. இறக்கத்தின்போது அவை கீழே இறங்குவதில்லை. மிச்சத்தில் வாழ்பவருக்கு ஏற்றமும் இறக்கமும் சமமாக இருப்பதில்லை.

இந்த மிச்சத்தை மேலும் உலுக்கிய ஒன்று உண்டு. வாழையைப் பற்றி எழுதுபவர்கள் அதற்கு உரிய இடம் தருவதில்லை என்பது என் குறை. அது நாணய மாற்று விகிதம். கிழக்குக் கரீபிய டாலர் 1976 ஜூலை வரை பிரிட்டிஷ் பவுண்டோடு பிணைக்கப்பட்டிருந்தது. ஒரு பவுண்டுக்கு 4.80. அந்த மாதத்தில் அது அமெரிக்க டாலரோடு பிணைக்கப்பட்டது. ஒரு அமெரிக்க டாலருக்கு 2.70. அந்தப் பிணைப்பு இன்றுவரை மாறவில்லை. நிலையான நாணயத்துக்கு இது நல்ல சான்று. ஆனால் வாழை விற்றது பவுண்டில். அதனால் 1976க்குப் பிறகு செயின்ட் லூசியா விவசாயியின் வருமானம், தான் ஒருபோதும் காணாத லண்டன்–நியூயார்க் நாணயச் சந்தையின் அன்றாட அசைவைச் சார்ந்ததாகிவிட்டது. 1985 தொடக்கத்தில் பவுண்டு சுமார் 1.05 டாலருக்கு வீழ்ந்தபோது, ஒரு பவுண்டு வாழைப் பணம் தீவில் 2.84 கிழக்குக் கரீபிய டாலராக மாறியது. 1988இல் பவுண்டு 1.85 டாலரை ஒட்டி நின்றபோது அதே ஒரு பவுண்டு 5 டாலரானது. எழுபத்தாறு சதவீத உயர்வு! 1980களின் பிற்பாதியைப் பச்சைத் தங்கத்தின் பொற்காலம் என்கிறார்கள். அந்தப் பொற்காலத்தில் மண்ணுக்கும் உழைப்புக்கும் இருந்த பங்கைப் போலவே பவுண்டுக்கும் ஒரு பங்கு இருந்தது. அந்த ஏற்றத்தை நிரந்தரம் என்று நம்பி, பயிரிடத் தகாத செங்குத்துச் சரிவுகளிலும் வாழை ஏறியது. 1990களின் தொடக்கத்தில் செயின்ட் லூசியாவின் ஏற்றுமதி மட்டும் ஆண்டுக்கு 1,30,000 டன்னை ஒட்டியிருந்தது.

பிறகு 1992 செப்டம்பர் 16 வந்தது. ஐரோப்பிய நாணய மாற்று ஏற்பாட்டிலிருந்து பவுண்டு வெளியேறிய நாள். இரண்டு டாலரை ஒட்டியிருந்த பவுண்டு அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் ஒன்றரை டாலருக்குக் கீழே போனது. பிரிட்டிஷ் கடையில் வாழையின் விலைச்சீட்டில் ஒரு பென்னி மாறாமலேயே, தீவில் 5.40 டாலராக மாறிவந்த பவுண்டு 4.05க்கும் கீழே மாறத் தொடங்கியது. கால் பங்கு வருமானம் போனது. முன் கணக்கின் வழியே பார்த்தால் விவசாயியின் மிச்சத்தில் போனது கால் பங்கைவிட அதிகம். ஏனென்றால் உரமும் அட்டைப்பெட்டிக் காகிதமும் எரிபொருளும் டாலர் விலையில் வருபவை. 1993 அக்டோபரில் செயின்ட் லூசியா விவசாயிகள் கட்டுப்படியான விலை கேட்டு வேலைநிறுத்தம் செய்தார்கள். காவல்துறை சுட்டதில் இரண்டு விவசாயிகள் இறந்தார்கள். உலக வர்த்தக அமைப்பு என்ற ஒன்று அப்போது பிறக்கவேயில்லை. அது 1995 ஜனவரியில்தான் செயல்படத் தொடங்கியது. அந்த அமைப்பில் வழக்கு தொடங்குமுன்பே விலைக்காக அங்கே உயிர் போயிருக்கிறது. வரலாற்றை 1997இலிருந்து தொடங்குகிறவர்கள் இந்த இருவரையும் மறந்துவிடுகிறார்கள்.

வழக்கின் பங்கைக் குறைத்துச் சொல்வது என் நோக்கமன்று. 1975ஆம் ஆண்டு லோமே உடன்படிக்கை பழைய காலனி நாடுகளின் வாழைக்கு ஐரோப்பாவில் இருந்த இடத்தைக் காப்பதாக உறுதியளித்தது. ஐரோப்பா ஒரே சந்தையானபோது, 1993 ஜூலை முதல் பொது வாழை ஏற்பாடு நடைமுறைக்கு வந்தது. லத்தீன் அமெரிக்காவின் ‘டாலர் வாழை’க்கு 20 லட்சம் டன் ஒதுக்கீடு, அதற்கு டன்னுக்கு 100 எக்யூ (யூரோவுக்கு முந்தைய ஐரோப்பிய நாணய அலகு) தீர்வை, ஒதுக்கீட்டைத் தாண்டினால் 850. ஆப்பிரிக்க, கரீபிய, பசிபிக் நாடுகளின் வழக்கமான வாழைக்கு 8,57,700 டன் வரை தீர்வை இல்லை. எக்வடார், குவாட்டமாலா, ஹோண்டுராஸ், மெக்சிகோ ஆகிய நாடுகளோடு, ஏற்றுமதி செய்யத் தன் மண்ணில் வாழை விளையாத அமெரிக்காவும் சேர்ந்து 1996இல் வழக்குத் தொடுத்தது. 1997இல் விசாரணைக் குழுவும் மேல்முறையீட்டு அமைப்பும் ஐரோப்பாவுக்கு எதிராகத் தீர்ப்பளித்தன. 1999 ஏப்ரலில் 19.14 கோடி டாலர் மதிப்புக்கு ஐரோப்பியப் பொருட்கள்மீது அமெரிக்கா பதில் தீர்வை விதித்தது. 2006 ஜனவரியில் ஒதுக்கீடு போய் டன்னுக்கு 176 யூரோ என்ற ஒரே தீர்வை வந்தது. 2009 டிசம்பர் ஜெனீவா ஒப்பந்தம் அதை 148ஆகக் குறைத்து, படிப்படியாக 114க்குக் கொண்டுவர வழி செய்தது. தனித்தனி வணிக ஒப்பந்தங்கள் செய்துகொண்ட கொலம்பியா, பெரு, மத்திய அமெரிக்க நாடுகளுக்கு அது 75 யூரோ வரை இறங்கியது. டன் கணக்கு படிப்பவர் மனத்தில் பதியாது. வாழை வணிகத்தின் அளவுகோல் 18.14 கிலோ பெட்டி. பெட்டிக்குப் பார்த்தால், 2006இல் தீவுக்காரருக்கு 3 யூரோ 19 சென்ட் காப்பு இருந்தது. 114 யூரோவில் அது 2 யூரோ 7 சென்ட். 75 யூரோவில் 1 யூரோ 36 சென்ட். பெட்டிக்கு 1 யூரோ 83 சென்ட் கரைந்திருக்கிறது. மிச்சத்தில் வாழ்பவரிடமிருந்து பெட்டிக்குப் பெட்டி அவ்வளவு கழிந்தால் என்ன ஆகும் என்பதற்கு விளக்கம் வேண்டியதில்லை. ஏற்றுமதி 2005 வாக்கில் சுமார் 30,000 டன்னாகச் சுருங்கியது. அந்தச் சரிவின் பெரும்பகுதி 176 யூரோ தீர்வை வருமுன்பே நடந்துவிட்டது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். தீர்ப்பு ஓர் அடி. அது ஏற்கெனவே மெலிந்திருந்த உடம்பில் விழுந்தது.

இங்கே பொருளாதார வல்லுநர்களின் மறுப்பு ஒன்று எழும். விண்ட்வர்ட் வாழையின் உற்பத்திச் செலவு எக்வடாரின் செலவைவிட மிக அதிகம். சலுகை விலைக்காக ஐரோப்பிய நுகர்வோர் கூடுதலாகக் கொடுத்த பணத்தில் சிறு பங்கே விவசாயிக்குப் போனது, பெரும்பங்கு உரிமம் வைத்திருந்த இறக்குமதியாளர்களுக்குப் போனது. இப்படிப்பட்ட ஏற்பாடு வீழ்ந்தது நியாயமே என்பார்கள். இரண்டாவது பகுதியை மறுக்க எனக்குக் காரணம் எதுவும் இல்லை. ஆனால் அது கழித்தல் கணக்குக்கான இன்னொரு சான்றே தவிர, தீவுக்காரரின் திறமைக்குறைவுக்கான சான்று அன்று. முதல் பகுதிக்குப் பதில் தீவின் வடக்கே, கண்ணுக்கு எட்டும் தொலைவில் இருக்கிறது. செயின்ட் லூசியாவுக்கு அடுத்த தீவு மார்த்தினிக், அதற்கடுத்து டொமினிக்கா, அதற்கடுத்து குவாதலூப். நான்கிலும் ஒரே எரிமலை மண், ஒரே புயல் பாதை, சந்தைக்கு ஒரே தூரம். மார்த்தினிக்கும் குவாதலூப்பும் பிரான்சின் பகுதிகள்; அவற்றின் கூலி விகிதம் செயின்ட் லூசியாவைவிடப் பல மடங்கு அதிகம். செலவு மட்டுமே தீர்மானிக்கும் என்றால் முதலில் அழிந்திருக்க வேண்டியது அவற்றின் வாழை. அழியவில்லை. ஐரோப்பிய ஒன்றியம் தன் சொந்த வாழை விவசாயிகளுக்கு நேரடி உதவி தருகிறது. அதில் இந்த இரு பிரெஞ்சுத் தீவுகளின் பங்கு ஆண்டுக்கு சுமார் 13 கோடி யூரோ. பத்து ஆப்பிரிக்க, கரீபிய, பசிபிக் நாடுகளுக்கு ஜெனீவா ஒப்பந்தத்தின் ஈடாக ஒன்றியம் ஒதுக்கியது, பல ஆண்டுகளுக்கும் சேர்த்து மொத்தம் 19 கோடி யூரோ. விலைச் சலுகையை வர்த்தக விதி தடுத்தது. நேரடி உதவியைத் தடுக்கவில்லை. பணம் இருந்த நாட்டின் தீவு பிழைத்தது, சுதந்திரம் பெற்ற ஏழைத் தீவு பிழைக்கவில்லை. (அந்தப் பிரெஞ்சுத் தோட்டங்களில் வேலை செய்தவர்களில், பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் புதுச்சேரியிலும் காரைக்காலிலும் கப்பலேறிய தமிழரின் வழிவந்தோரும் உண்டு. மார்த்தினிக்கின் வடக்கிலும் குவாதலூப்பின் கப்பெஸ்தேர் பகுதியிலும் அவர்கள் கட்டிய கோயில்கள் வாழைத் தோட்டங்களுக்கு அருகே நிற்கின்றன.) பிரெஞ்சுத் தீவுகளின் வெற்றியைக் கறையற்றது என்றும் சொல்லிவிட முடியாது. வாழைக் கிழங்கு வண்டை ஒழிக்க 1993 வரை அங்கே தெளித்த குளோர்டெகோன் நஞ்சு மண்ணிலும் நீரிலும் மக்களின் இரத்தத்திலும் இன்றும் இருக்கிறது. விலையில் எழுதப்படாத செலவுகளும் உண்டு.

தீர்வையும் நாணயமும் போக மூன்றாவது விசை பிரிட்டிஷ் பேரங்காடிகள். வாழை அங்கே மிக அதிகம் விற்கும் பழம். அதன் விலையைப் பார்த்துத்தான் வாடிக்கையாளர் ஒரு கடை மலிவா இல்லையா என்று முடிவு செய்கிறார். ஆகவே 2002இலிருந்து பேரங்காடிகள் ஒன்றையொன்று வெல்ல வாழை விலையைத் தொடர்ந்து குறைத்தன. உதிரி வாழைப்பழம் ஒன்றின் விலை பத்தாண்டுகளில் 18 பென்ஸிலிருந்து 11 பென்ஸாக இறங்கியது என்று பிரிட்டனின் நியாய வணிக அறக்கட்டளை 2014இல் கணக்கிட்டது. அதே காலத்தில் உற்பத்திச் செலவு இரட்டிப்பானது. இந்தப் போருக்கு எந்த நீதிமன்றமும் தீர்ப்பு எழுதவில்லை. விண்ட்வர்ட் விவசாயிகள் இதற்குக் கண்ட மாற்று நியாய வணிகம். 1982இல் உருவான அவர்களுடைய வின்ஃபா சங்கத்தின் முயற்சியால் 2000இல் தொடங்கி அந்த முத்திரை பெற்ற வாழை பிரிட்டனுக்குப் போனது. குறைந்தபட்ச விலை உறுதி, அதற்கு மேல் பெட்டிக்கு ஒரு டாலர் சமூக நிதி. 2006 டிசம்பரில் செயின்ஸ்பரிஸ் தன் வாழை முழுவதையும் நியாய வணிகத்துக்கு மாற்றுவதாக அறிவித்தபோது, செயின்ட் லூசியா அதன் முக்கிய ஆதாரங்களில் ஒன்றாக இருந்தது. கடை விலையிலிருந்து கழித்துக்கொண்டே வந்த கணக்கில், விவசாயியின் செலவிலிருந்து மேல்நோக்கிக் கட்டிய ஒரே விலை இதுதான். அதனால் இதை நான் பெரிதும் மதிக்கிறேன். ஆனால் உறுதியான விலை இருந்தும் விற்கப் பழம் வேண்டுமே. 2007 ஆகஸ்டில் டீன் புயல், 2010 அக்டோபர் இறுதியில் தோமஸ் புயல், அதையொட்டிய ஆண்டுகளில் தீவுகளுக்குப் பரவிய கறுப்பு சிகடோகா இலைப்புள்ளி நோய் என்று அடுத்தடுத்து வந்தன. வாழை சாய்ந்தால் புதுக் கன்று வைத்துத் தார் வெட்ட ஒன்பது மாதத்துக்குக் குறையாது. பேரங்காடியின் அடுக்கு ஒன்பது மாதம் காலியாக இருக்காது. டொமினிக்கன் குடியரசின் வாழை அந்த இடத்தில் ஏறியது, ஏறியது இறங்கவில்லை.

இங்கே புள்ளிவிவரத்தைப் படிப்பவர் ஏமாறும் இடம் ஒன்றைக் காட்ட வேண்டும். ஏற்றுமதி மதிப்பை எடையால் வகுத்து வரும் தொகையைத்தான் ஏற்றுமதி விலை என்று அறிக்கைகள் எழுதுகின்றன. தரம் குறைந்த வாழையும் சரிவு நிலத்து விவசாயிகளும் சந்தையை விட்டு வெளியேறி, முத்திரை பெற்ற வாழை மட்டும் எஞ்சினால், இந்தச் சராசரி தானாக ஏறும். ஒருவருடைய விலையும் ஏறியிருக்காது. குறைந்த விலை பெற்றவர்கள் பட்டியலில் இல்லாமல் போயிருப்பார்கள். 1990களின் தொடக்கத்தில் நான்கு தீவுகளிலும் இருபதாயிரத்துக்கும் மேல் இருந்த வாழை விவசாயிகள் இருபது ஆண்டுகளில் சில ஆயிரமாகக் குறைந்தார்கள் என்பதைப் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் கிலோ விலையின் ஏற்றத்துக்குப் பொருள் தெரியும். இறக்குமதிப் பக்கத்திலும் இதே சிக்கல் உண்டு. விடுதிகளுக்கு விமானத்தில் வரும் பெரிப்பழங்களும் கடைகளுக்குக் கப்பலில் வரும் ஆப்பிளும் ஒரே சராசரியில் கலந்தால், ஏழை வீட்டு விலை அதில் தெரியாது. விலையை எடையோடு மட்டுமல்ல, விற்றவர் எத்தனை பேர், வாங்கியவர் யார் என்பதோடும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

இனிக் கூட்டல் கணக்கு. புளோரிடாவின் மொத்த வியாபாரியிடம் ஒரு பெட்டி ஆப்பிளின் விலை அமெரிக்க டாலரில் இருக்கிறது. டாலர் பிணைப்பு மாறாததால் நாணயம் அதை ஏற்றுவதில்லை. ஆனால் பவுண்டில் சம்பாதித்துக்கொண்டிருந்த நாடு டாலரில் செலவு செய்தது என்பதால், பவுண்டு சரிந்த ஒவ்வொரு முறையும் ஒரு பெட்டி ஆப்பிளுக்கு இணையான வாழைப் பெட்டிகளின் எண்ணிக்கை கூடியது. 1992–93இல் அப்படி, 2007 இறுதியில் இரண்டு டாலராக இருந்த பவுண்டு 2009 தொடக்கத்தில் 1.40க்கு வந்தபோது அப்படி. ஐரோப்பிய ஒன்றியத்தை விட்டு விலகுவது பற்றி பிரிட்டன் நடத்திய 2016 ஜூன் வாக்கெடுப்புக்குப் பிறகும் அப்படி. அடுத்துக் கப்பல் கூலி. கீஸ்ட் கப்பல்கள் வாழையோடு பிரிட்டனுக்குப் போய், திரும்பும்போது பொதுச்சரக்கையும் பயணிகளையும் ஏற்றிவந்த காலம் ஒன்று இருந்தது. வாரம் தவறாத அந்த ஓட்டத்தின் பெருஞ்செலவை வாழை சுமந்தது. இறக்குமதிச் சரக்கு அதன் தோளில் பயணம் செய்தது. வாழை குறையக் குறைய இந்தத் துணை போனது. இன்று மயாமிப் பக்கமிருந்து நிறைந்து வரும் பெட்டகங்கள் பெரும்பாலும் வெறுமையாகத் திரும்புகின்றன. வெறும் பெட்டகம் திரும்பும் செலவையும் சேர்த்து இறக்குமதியாளரிடம் வாங்காமல் எந்தக் கப்பல் நிறுவனமும் தொழில் நடத்த முடியாது. ஏற்றுமதியின் வீழ்ச்சி இறக்குமதி விலையை ஏற்றுகிறது என்ற இந்தத் தொடர்பு பெரிய நாடுகளில் கண்ணில் படாது. வாரத்துக்கு ஓரிரு கப்பல் வரும் தீவில் அதுதான் விலையின் அடித்தளம்.

கூலிக்கு மேல் வரி. சுங்கத் தீர்வை பொருளின் விலைமீது மட்டும் விதிக்கப்படுவதில்லை. விலை, காப்பீடு, கப்பல் கூலி மூன்றும் சேர்ந்த தொகைமீது விதிக்கப்படுகிறது. மதிப்புக் கூட்டு வரி அதற்கும் மேல். ஒரு கணக்குக்குத் தீர்வை 20 சதவீதம், மதிப்புக் கூட்டு வரி 12.5 சதவீதம் என்று எடுத்துக்கொண்டால், கப்பல் கூலியில் கூடும் ஒவ்வொரு டாலரும் கடைக்கு வரும்போது ஒரு டாலர் 35 சென்ட் ஆகிறது. அதன்மேல் வணிகரின் சதவீத இலாபம் வேறு. 2021–22இல் பெட்டகக் கூலி உலகெங்கும் எகிறியபோது தீவு மக்கள் பட்ட வேதனையில் ஒரு பகுதி இந்த வரிக் கட்டுமானத்தின் விளைவு. அரசு வேண்டுமென்று செய்த தவறு என்று இதைச் சொல்ல மாட்டேன். வருமான வரி செலுத்த வல்லவர் குறைவாக உள்ள சிறு நாட்டுக்குத் துறைமுக வாயிலே வரி வசூலிக்க எளிய இடம். ஆனால் தூரத்துக்காக ஏற்கெனவே தண்டம் கட்டும் மக்களிடம் அந்தத் தண்டத்தின்மீதும் வரி வாங்குவது முறையாகாது. கப்பல் கூலியைத் தீர்வைக் கணக்கிலிருந்து விலக்குவது, குறைந்தது பழத்துக்கும் காய்க்குமாவது, வருவாயில் பெரும் துளை போடாது.

வாழை போனால் என்ன, சுற்றுலா வந்ததே என்பது அடுத்த மறுப்பு. அது வலுவானது. பெருந்தொற்றுக்கு முந்தைய ஆண்டுகளில் செயின்ட் லூசியாவுக்கு ஆண்டுதோறும் நான்கு லட்சத்தை ஒட்டிய விருந்தினர் வந்து தங்கினார்கள். வாழை ஒருபோதும் தராத அந்நியச் செலாவணியை அவர்கள் தந்தார்கள். மலைச்சரிவில் முப்பது கிலோ தாரைத் தோளில் சுமந்து இறங்கிய தலைமுறையின் பிள்ளைகள் அதே வேலையைச் செய்ய வேண்டும் என்று யாரும் விரும்பக் கூடாது. ஆனால் பழத்தின் விலை என்ற கேள்விக்குச் சுற்றுலா பதிலாகவில்லை, அதைக் கூர்மையாக்கியது. விடுதிச் சமையலறை காலை மேசைக்கு ஒரே அளவில், ஒரே நிறத்தில், நாள்தவறாமல் முலாம்பழமும் அன்னாசியும் கேட்கிறது. மயாமி வியாபாரி ஒரே மின்னஞ்சலில் அதைத் தருகிறார். உள்ளூர் விவசாயி ஐம்பது கிலோ தருவார், அடுத்த வாரம் மழை பெய்தால் தர மாட்டார், பணத்துக்கு மாதக்கணக்கில் காத்திருக்கவும் முடியாது. ஆகவே விருந்தினர் தரும் டாலரில் ஒரு பகுதி, தீவிலேயே விளையக்கூடிய பழத்துக்காகத் திரும்பப் புளோரிடாவுக்குப் போகிறது. அதே விடுதிகளின் தேவை கடைத்தெருவிலும் விலையை ஏற்றுகிறது. மே முதல் ஆகஸ்ட் வரை ஜூலி மாம்பழம் மரத்தடியில் விழுந்து அழுகும் நாட்டில், குளிர்கிடங்கும் பதப்படுத்தும் ஆலையும் போதாமல் மாம்பழச் சாறு இறக்குமதியாவது இயற்கையின் குற்றம் அன்று.

அப்படியானால் எல்லாவற்றையும் உள்ளூரிலேயே விளைவிக்கலாமே என்று சிலர் ஆர்வத்தோடு சொல்கிறார்கள். ஆப்பிள் அந்த வெப்பத்தில் விளையாது. அதற்குத் தீர்வையை ஏற்றினால் குழந்தையின் மதிய உணவுப் பெட்டியிலிருந்து ஓர் ஆப்பிள் குறையுமே தவிர ஒரு மரம்கூட வளராது. விளையக்கூடியதில் கவனம் வைப்பதுதான் அறிவு. தைவானின் தொழில்நுட்பக் குழு செயின்ட் லூசியாவில் துணைநிற்கும் ஏழு பயிர்த் திட்டம் அந்த வகையைச் சேர்ந்தது. தக்காளி, முட்டைக்கோஸ் போன்றவற்றோடு தர்பூசணியும் அன்னாசியும் அதில் உண்டு. இறக்குமதி அதிகமாகும், ஆனால் தீவில் விளையும் பொருட்களையே அது தேர்ந்தெடுத்திருக்கிறது. வாழைக்காலத்தின் படிப்பினையும் அதில் தெரிகிறது. முதலில் வாங்குபவர் யார், எந்த நாளில் எவ்வளவு வேண்டும் என்று தெரிந்துகொண்டு, பிறகு நடுவது. நாணய மதிப்பைக் குறைத்தால் ஏற்றுமதி பிழைக்கும் என்று இன்னொரு யோசனை உண்டு. கிழக்குக் கரீபிய மத்திய வங்கியின் கீழ் எட்டு உறுப்பினர்கள் பகிரும் நாணயம் அது. ஒரு தீவின் பழத்துக்காக அதை அசைக்க முடியாது. அசைத்தாலும் விற்பதற்கு இன்று வாழை குறைவு, வாங்குவதற்கு உணவு அதிகம். பலன் யாருக்கு வரும் என்று சொல்லத் தேவையில்லை.

கழித்தலும் கூட்டலும் இல்லாத ஒரு பழ வணிகம் அந்தக் கடலில் சத்தமில்லாமல் நடந்துகொண்டே இருக்கிறது. டொமினிக்காவின் ‘ஹக்ஸ்டர்’ எனப்படும் சிறு வணிகர்கள், பெரும்பாலும் பெண்கள், எலுமிச்சையும் மாம்பழமும் வாழைக்காயும் கிழங்கும் சிறு மரக்கலங்களில் ஏற்றி ஆண்டிகுவாவுக்கும் பார்படோஸுக்கும் குவாதலூப்புக்கும் கொண்டுபோய் விற்றுவருகிறார்கள். 1979இல் டேவிட் புயல் டொமினிக்காவைத் தரைமட்டமாக்கிய பிறகு அவர்கள் தங்களுக்கென்று ஒரு சங்கமும் அமைத்துக்கொண்டார்கள். 2017இல் மரியா புயல் அதே தீவுக்கு ஓராண்டு உள்நாட்டு உற்பத்தியின் 226 சதவீதத்துக்குச் சேதம் விளைவித்தபோதும் அந்த வணிகம் மடியவில்லை. வாங்குபவர் முகம் விற்பவருக்குத் தெரியும். ஆண்டிகுவாவில் கையில் வாங்கும் நாணயமே ஊரில் செலவழிக்கும் நாணயம். தூரம் ஓர் இரவுப் பயணம். கரீபிய நாடுகளின் கூட்டமைப்பான காரிகோமின் உறுப்பு நாடுகள் தங்கள் உணவு இறக்குமதியை 2025க்குள் கால் பங்கு குறைப்பதாக உறுதியெடுத்து, இப்போது காலக்கெடுவை 2030க்குத் தள்ளியிருக்கின்றன. அந்தத் திட்டத்தின் பெரும்பேச்சு பெரிய பண்ணைகளையும் பசுமைக்குடில்களையும் பற்றியது. நான் முதலில் கேட்பேன்: டொமினிக்காவின் ரோசோ துறைமுகத்தில் இந்தப் பெண்களின் பெட்டிகள் வெயிலில் காயாமல் நிற்க ஒரு குளிரறை, ஒரு தீவில் தந்த பயிர்நலச் சான்றை அடுத்த தீவு மறுபேச்சின்றி ஏற்கும் ஒழுங்கு, வாரத்தில் குறித்த நாளில் புறப்படும் ஒரு சரக்குப் படகு. வாழைக்காக ஐரோப்பாவோடு முப்பது ஆண்டு வாதாடிய அரசுகளால் இந்த மூன்றையும் தங்களுக்குள்ளேயே பேசி முடித்துக்கொள்ள முடியும்.